நீரூற்றுக்குப் போன தண்ணீர்

இதனால் லாகுனா செக்கா நகரத்து ஆண், பெண், கால்நடை உட்பட சகல ஜீவன்களுக்கும் அறிவிப்பது யாதெனில்: போக்கெரோன் மாவெற்றியின் எழுபதாம் ஆண்டு நிறைவை முன்னிட்டு, வருகிற செப்டம்பர் இருபத்தொன்பது, ஞாயிற்றுக்கிழமை, மந்திரி பெருமகனார் முன்னிலையில், நகராட்சித் தலைவர் மாண்புமிகு தோன் ஃபுல்கென்சியோ அவர்கள் நம் வீரர்களின் அழியாத தாகத்தைப் போற்றும் பளிங்கு நீரூற்றைத் திறந்து வைப்பார். போக்கெரோன், நனாவா, காம்போ வியா, இரெந்தாகுவே என்று நான்கு பெரும் போர்களுக்கு நான்கு வெண்கலக் குழாய்கள். நான்கிலும் தண்ணீர் வரும்.

கடைசி வரியைத்தான் ஊரில் யாரும் நம்பவில்லை. லாகுனா செக்கா என்றால் வறண்ட ஏரி. பெயர் வைத்தவன் தேர்தலில் நிற்காதவன்.

நகர்ந்து உட்காருங்கள். இந்த மழை விடிகிற வரை விடப்போவதில்லை. மண்பாதை சேறாகிவிட்டதால் குறுக்கே தடுப்புக் கட்டை போட்டாயிற்று, எந்த லாரியும் எங்கும் போகப்போவதில்லை. டயர்க் கடைக்காரன் தியோடோரோ உள்ளே தூங்கிவிட்டான். அதனால்தான் இதைச் சொல்ல முடிகிறது. அவன் தங்கை கணவனுக்கு நடந்தது இது. குரலை மட்டும் கொஞ்சம் தாழ்த்திக்கொள்வோம்...

நேரம், மதியம் இரண்டு.

பேய் என்றால் நள்ளிரவு வேண்டும் என்பவர்கள் குளிர்நாட்டுக்காரர்கள். நம் சாக்கோ முள்காட்டில் நள்ளிரவில்தான் கொஞ்சம் காற்று வரும், ஜனங்கள் வாசலில் நாற்காலி போட்டு ஊர்வம்பு பேசுவார்கள். அங்கே வந்து பேய் என்ன செய்யும்? ஒரு ஜீவன் வெளியே தலைகாட்டாத நேரம் மதியத் தூக்க நேரம் ஒன்றுதான். நாய்கூடக் குரைக்காது. நம் அம்மாக்கள் எந்த நேரத்தைச் சொல்லி நம்மைப் பயமுறுத்திப் படுக்கவைத்தார்கள்? நினைத்துப் பாருங்கள். அதேதான்.

பாதை நேராக, வெள்ளையாக, இரண்டு பக்கமும் முள்ளாகக் கிடந்தது. பொலிவியாவோடு நடந்த போரில் நம் ஆட்கள் கோடாலியால் வெட்டிய பாதை. முள்ளுக்கு அடியில் எண்ணெய் இருக்கிறது என்று யாரோ கிளப்பிவிட, இரண்டு நாடும் மூன்று வருடம் அடித்துக்கொண்டன. எண்ணெயை விடுங்கள். குடிக்கத் தண்ணீர் கிடைக்கவில்லை. குண்டடி பட்டுச் செத்தவனை அதிர்ஷ்டக்காரன் என்றார்கள்.

அந்தப் பாதையில் தியோடோரோவின் மச்சான் க்ரிஸ்பின் நகராட்சித் தண்ணீர் லாரி ஓட்டிக்கொண்டு போனான். தனியாக. தொட்டி நிறையத் தண்ணீர், ஆற்றிலிருந்து ஒரு பகலும் ஒரு இரவும் ஓட்டிக் கொண்டுவந்தது. தொட்டிக் குழாயின் கழுத்தில் சிவப்பு, வெள்ளை, நீலத்தில் ஒரு பட்டு நாடா. அன்று காலைதான் தோன் ஃபுல்கென்சியோ தன் கையால் முடிச்சு போட்டிருந்தார். முதல் முடிச்சில் புகைப்படம் சரியாக விழவில்லை என்று அவிழ்த்து மறுபடியும் போட்டார்.

"நாளைக்கு இந்த முடிச்ச நாந்தான் அவுப்பேன். வேற கை பட்டுச்சுன்னா அது தேசத் துரோகம். வெளங்குதா?"

"தோன், மூணு குப்பிமரத்துல நாலு நாளாத் தண்ணி இல்ல. பாதிய அங்க எறக்கிட்டு..."

"ஏண்டா, மந்திரி வர்றாருடா! நாலு குழாய், நாலு போரு. பாதித் தண்ணிய வச்சுக்கிட்டு எந்த ரெண்டு போர நிறுத்தச் சொல்ற? நீயே சொல்லு."

க்ரிஸ்பினால் சொல்ல முடியவில்லை. வரலாற்றில் அவன் எப்போதுமே பலவீனம்.

மூன்று குப்பிமரம் என்பது அவன் குடியிருப்பு. இருபது கூரை, ஒரு சிலுவை, வயிறு பெருத்த மூன்று மரங்கள். வீட்டில் மனைவி ஜுனில்தா, ஆறு வயது மகள் எஸ்தெலா. தொட்டித் தண்ணீர் தீர்ந்ததும் மாடு குடிக்கிற குட்டையிலிருந்து எடுத்துக் காய்ச்சிக் குடித்தார்கள். விறகும் தீர்ந்ததும் காய்ச்சாமல் குடித்தார்கள். வியாழக்கிழமையிலிருந்து எஸ்தெலாவுக்கு வயிற்றுப்போக்கு. கண் உள்ளே போய்விட்டது. தோலைக் கிள்ளினால் கிள்ளிய மடிப்பு அப்படியே நின்றது. சைக்கிளில் வந்த நர்ஸ் பார்த்துவிட்டு, "மருந்தெல்லாம் வேணாம். நல்ல தண்ணில உப்பும் சர்க்கரையும் கலந்து குடுத்துக்கிட்டே இருங்க. பொழச்சுக்குவா" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

உப்பும் சர்க்கரையும் வீட்டில் இருந்தன.

க்ரிஸ்பின் வீரன் இல்லை. இரண்டு தேர்தலில் தோன் ஃபுல்கென்சியோவுக்கு ஓட்டுப் போட்டவன். ஆனாலும் சனிக்கிழமை மதியம், ஊர் மொத்தமும் குறட்டை விடுகிற நேரம் பார்த்து, லாரியை மெல்ல வெளியே எடுத்தான். குடியிருப்பில் பாதியை இறக்கிவிட்டு, முடிச்சை மறுபடி போட்டுவிட்டு, தலைவர் எழுந்து முகம் கழுவுவதற்குள் திரும்பிவிடலாம் என்பது கணக்கு. முடிச்சு எப்படிப் போடுவது என்று காலையில் இரண்டு முறை பார்த்திருந்தானே.

வடகாற்று அடித்தது. அடுப்பைத் திறந்தது மாதிரி... பாதி வழியில் எஞ்சின் கொதித்து ஆவி கக்கியது. வேறு வழியில்லை, ஆற வேண்டும். ஒரு கெப்ராச்சோ மரத்து நிழலில் நிறுத்தி, தெர்மாஸையும் கொம்புக் குவளையையும் எடுத்துக்கொண்டு கீழே உட்கார்ந்தான். குவளையில் யெர்பா இலையைத் தட்டி, உறிஞ்சுகுழலைச் செருகி, குளிர்ந்த தண்ணீரை ஊற்றினான். தெரெரே குடிக்காமல் ஒரு மரத்தடியில் உட்காருவது எப்படி என்று நமக்குத் தெரியாது.

முதல் குவளையை அவன் குடித்து முடித்தபோது எதிரில் ஒருவன் உட்கார்ந்திருந்தான்.

காலில் செருப்பில்லை. பச்சையா மண்ணா என்று சொல்ல முடியாத நிறத்தில் உடுப்பு. க்ரிஸ்பின் பயப்படவில்லை. மறுநாள் ஊர்வலத்துக்காக நகராட்சி எழுத்தர்கள் எல்லாருக்கும் வீரர் வேஷம் ஒதுக்கியிருந்தார்கள்.

"வரி வசூல் பிரிவா அண்ணே?" என்று கேட்டான்.

"மூணாவது கம்பெனி."

ஆள் ஒத்திகையிலேயே ஊறிவிட்டான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டான் க்ரிஸ்பின்.

"செருப்புக்கூடக் குடுக்கலையா?"

"எப்பக் குடுத்தாங்க?"

நகராட்சி பற்றிய அந்தக் கருத்தில் க்ரிஸ்பினுக்கு முழு உடன்பாடு. குவளையை நிரப்பி நீட்டினான். வந்து உட்கார்ந்தவனுக்கு ஊற்றமாட்டேன் என்று சொன்னவன் இந்த மண்ணில் இன்னும் பிறக்கவில்லை. வழக்கம் உங்களுக்குத் தெரியாததா? ஊற்றுகிறவன் ஒருவன். குவளை ஒன்று. ஒவ்வொருவரும் குடித்துக் காலியாக்கி அவன் கையிலேயே திருப்பித் தர வேண்டும். போதும் என்கிறவன் தரும்போது நன்றி சொல்லி விலகிக்கொள்வான். சொல்லாதவனுக்கு மறுபடியும் வரும். கடைசி ஆளும் விலகும்வரை ஊற்றுகிறவன் எழுந்திருக்கக் கூடாது.

அந்த ஆள் உறிஞ்சினான். அடி வரைக்கும். ஸ்ர்ர்ர்ர்... அந்தச் சத்தம் நின்ற பிறகும் உறிஞ்சினான். திருப்பித் தந்தான். நன்றி சொல்லவில்லை.

க்ரிஸ்பின் குவளைக்குள் பார்த்தான். இலை காய்ந்திருந்தது. ஈரம் இல்லை என்று மட்டும் சொல்லவில்லை... தூளாகக் காய்ந்திருந்தது. காற்று வந்து அதில் ஒரு சிட்டிகையைத் தூக்கிக்கொண்டு போனது.

புது இலை போட்டு நிமிர்ந்தபோது இன்னும் மூன்று பேர். அப்புறம் ஐந்தாறு பேர். முள்ளுக்குள்ளிருந்து வந்தார்கள். முள் அசையவில்லை. உடுப்பு கிழிகிற சத்தமோ சுள்ளி ஒடிகிற சத்தமோ இல்லை. ஒரு மணம் மட்டும் வந்தது, சூளையிலிருந்து எடுத்த பானையில் முதல் சொட்டுத் தண்ணீர் விழும்போது வருமே, அது. ஒவ்வொரு முறை குவளை கை மாறும்போதும் வந்தது.

சிலர் வெறுங்காலோடு நம் ஆட்கள். சிலர் அந்த வெயிலில் கம்பளிச் சட்டை போட்டிருந்தார்கள். பொலிவியாவின் மேட்டு நாட்டுக் குளிருக்குத் தைத்த சட்டை. அவர்களில் ஒரு பையன் காது மூடுகிற பின்னல் குல்லாயோடு, மூணாவது கம்பெனிக்காரனை ஒட்டி உட்கார்ந்தான். இருவர் தோளும் இடித்துக்கொண்டன. யாரும் விலகவில்லை. எந்தப் போரில் யார் ஜெயித்தார்கள் என்று ஒருவரும் கேட்டுக்கொள்ளவில்லை.

சாக்கோவின் சின்னத் தேனீக்களைத் தெரியுமல்லவா? ஈரம் தேடிக் கண்ணிலும் மூக்கிலும் வந்து உட்காருமே, அவை க்ரிஸ்பின் முகத்தில் மொய்த்துக்கொண்டிருந்தன. அவன் முகத்தில் மட்டும். எதிரில் உட்கார்ந்த அத்தனை பேரில் ஒருவர் மேலும் ஒன்றுகூட இறங்கவில்லை. இறங்கி எடுக்க அங்கே எதுவும் இல்லை.

அப்போதுதான் அவர்கள் எழுத்தர்கள் இல்லை என்று அவனுக்கு விளங்கியது.

தெர்மாஸ் காலியானது. மூணாவது கம்பெனிக்காரன் தலையைத் திருப்பி லாரியைப் பார்த்தான்.

"தண்ணி வண்டிதானே?"

இல்லை என்று சொல்லியிருக்கலாம். பால் வண்டி, சாண வண்டி, எதையாவது சொல்லியிருக்கலாம். நம் ஆட்களுக்குப் பொய்யில் குறைச்சலா? ஆனால் இந்த ஊரில் தண்ணீர் கேட்கிறவனிடம் மட்டும் பொய் சொல்ல வராது. அது என்ன வளர்ப்போ.

"ஆமா" என்றான்.

"வரும் வரும்னு சொல்லிக்கிட்டே இருந்தாங்க. லேட்டாயிருச்சு போல." அவன் பக்கத்து ஆளிடம் திரும்பினான். "வந்துருச்சுடா."

பக்கத்து ஆள் அடுத்தவனிடம் சொன்னான். வட்டத்தைச் சுற்றி வந்த சொல் முள்ளுக்குள் போனது. "வந்துருச்சு..." இன்னும் உள்ளே. "வந்துருச்சு..." நம் பேச்சில், பிறகு நமக்குப் புரியாத பேச்சில்... தூரத்தில், இன்னும் தூரத்தில், காது கேட்கிற எல்லைக்கும் அப்பால் அது போய்க்கொண்டே இருந்தது.

க்ரிஸ்பின் நாடாவை அறுத்தான்.

வாளியில் பிடித்தான், ஊற்றினான், நீட்டினான், வாங்கினான். ஸ்ர்ர்ர்ர்... தூள். மறுபடி ஊற்றினான். முகங்கள் மாறிக்கொண்டே இருந்தன. குவளை நீட்டுகிற இடத்தில் ஒரு கை இருந்தது. இலைப் பை தீர்ந்தது. வெறும் தண்ணீராக ஊற்றினான். ஒரு கட்டத்தில் அழுதுவிட்டான்.

"அண்ணே, என் பொண்ணு கெடக்குறாண்ணே. ஆறு வயசு. நன்றின்னு ஒரு வார்த்தை சொல்லுங்க, நான் எந்திரிச்சுக்கிறேன். ஒருத்தராவது சொல்லுங்க."

"சொல்றதுக்கென்ன தம்பி." மூணாவது கம்பெனிக்காரன் உதட்டின் வெடிப்பில் ரத்தம் இல்லை, மண் இருந்தது. "தாகம் தீந்தாத்தானே சொல்லணும்? தீராமயே தீந்துச்சுன்னு பொய் சொல்லச் சொல்றியா? அதிகாரிங்க சொன்ன பொய்யே இன்னும் செரிக்கல."

வழக்கம் தெரிந்தவர்கள் சொல்லவில்லை. மேட்டு நாட்டுப் பையனுக்கு அப்படி ஒரு வழக்கம் இருப்பதே தெரியாது. அவன் குவளையைத் தந்துவிட்டு, இரண்டு கையையும் நீட்டியபடியே காத்திருந்தான்.

தொட்டியைத் தட்டிப் பார்த்தான் க்ரிஸ்பின். டொங்... அடி வரைக்கும் டொங்.

ஒருவர்கூட விலகாத வட்டத்திலிருந்து அவன் எழுந்தான். நம் அப்பன் பாட்டன் செய்யாத காரியம். அவர்கள் தடுக்கவில்லை, கோபிக்கவில்லை. குவளையைப் பார்த்தார்கள், அவ்வளவுதான். வண்டியைக் கிளப்பும்போது கவனித்தான்: எஞ்சினிலிருந்து இன்னும் ஆவி வந்துகொண்டிருந்தது. நிழல் ஒரு விரல்கூட நகரவில்லை.

மூன்று குப்பிமரத்தில் லாரிச் சத்தம் கேட்டதும் பெண்கள் தகரத்தோடும் குடத்தோடும் ஓடிவந்தார்கள். ஜுனில்தா முன்னால் நின்றாள். க்ரிஸ்பின் வாயைத் திறக்குமுன் அவளே குழாயைத் திருகினாள். குழாய் இருமியது. பிறகு காய்ந்த இலைத்தூள் ஒரு கைப்பிடி குடத்தில் விழுந்தது.

"என்னய்யா இது?"

அவன் சொன்னான். எல்லாவற்றையும் சொன்னான்.

அவள் கத்தவில்லை. நாடாவின் அறுந்த நுனியை விரலில் சுற்றிக்கொண்டு நின்றாள். "யாராருக்கோ ஊத்தியிருக்க. ஒரு கேன் நமக்குன்னு எடுத்து வைக்கணும்னு தோணலையா உனக்கு?"

தோன்றியிருக்கவில்லை. வட்டத்தில் உட்கார்ந்து ஊற்றுகிறவன் தனக்கென்று ஒளித்துவைப்பது எப்படி என்று அவனுக்குத் தெரியாது. அதை அவளிடம் அவன் சொல்லவில்லை. அவளுக்கும் தெரியும்.

அந்தி சாய்ந்தபோது தோன் ஃபுல்கென்சியோவின் வீட்டு வாசலில் நின்றான். தலைவர் கண்ணாடிமுன் உரையை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார். வீட்டுத் தொட்டியில் தண்ணீர் இருந்தது. மந்திரி குளிப்பதற்காகப் பூட்டி வைத்தது.

"தண்ணி எங்கடா?"

"குடிச்சுட்டாங்க தோன்."

"யாரு?"

"வீரருங்க. பாதைல உக்காந்திருக்காங்க. எழுபது வருஷமா."

தலைவர் உரையைக் கீழே வைத்தார். வேலைக்காரி சிலுவை போட்டுக்கொண்டாள். பிறகு அவர், மிகுந்த கவனத்தோடு கேட்டார்:

"எந்த நாட்டு வீரருங்க?"

"ரெண்டு நாடும்தான்."

"நம்ம ஆளுங்களுக்குக் குடுத்தது சரி, அதுல தப்பு சொல்ல மாட்டேன்." மேசையை ஓங்கித் தட்டினார். "அவனுங்களுக்கு ஏண்டா குடுத்த? நாளைக்குப் பேச்சுல நான் என்னன்னு சொல்றது?"

மகளுக்காக ஒரு கேன் கேட்டான். மந்திரி குளித்த பிறகு மிச்சம் இருந்தால் பார்க்கலாம் என்றார். கொல்லைப்பக்கமாகத் தலைவரின் மனைவி வந்து, அவன் தெர்மாஸை வாங்கி, நிரப்பித் தந்தாள். அவருக்குத் தெரியாமல்தான்.

லாரிச் சாவியைப் பிடுங்கிக்கொண்டார்கள்; நடந்தே விடியுமுன் வீடு போய்ச் சேர்ந்தான். உப்பும் சர்க்கரையும் கலந்து ஜுனில்தா எஸ்தெலாவின் தலையைத் தூக்கிப் பிடித்தாள். எஸ்தெலா குடித்தாள். ஒரு குவளை. இன்னொரு குவளை. "போதுமா கண்ணு?" என்று கேட்டாள் அம்மா. போதும் என்று அவள் சொல்லவில்லை. தெர்மாஸ் காலியானபோதும் சொல்லவில்லை. வெயில் வீட்டுக்குள் வந்தபோது சொல்ல அவள் இல்லை.

அன்று காலை விழா குறித்த நேரத்தில் நடந்தது. வாத்தியம் முழங்கியது. தோன் ஃபுல்கென்சியோ குழாய்ப் பிடியைத் திருப்பினார். போக்கெரோனில் ஒன்றும் வரவில்லை. நனாவாவில் ஒன்றும் வரவில்லை. காம்போ வியாவிலிருந்து ஒரு பல்லி வந்தது. இரெந்தாகுவேயில் அதுவும் வரவில்லை. கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொண்டது. அவர் கைக்குட்டையால் நெற்றியைத் துடைத்துக்கொண்டு ஒலிபெருக்கியில் சொன்னார்: "பெருமக்களே, இந்த வறட்சியே நினைவுச்சின்னம்! தாகத்துக்குத் தாகத்தைத் தவிர வேறு எதை நாம் காணிக்கையாக்க முடியும்?" குளித்து முடித்துப் புத்துணர்ச்சியோடு இருந்த மந்திரி எழுந்து நின்று கைதட்டினார். எழுத்தர்கள் வெறுங்காலோடு அணிவகுத்தார்கள். மாலைக்குள் அத்தனை பேர் காலிலும் கொப்புளம்.

நாடாவை அறுத்ததற்காக க்ரிஸ்பினை வேலையிலிருந்து நீக்கினார்கள்.

இப்போது அவன் தினமும் மதியத்தில், எல்லாரும் தூங்கிய பிறகு, அந்தப் பாதையில் நடந்து போகிறான். ஒரு நாள் தியோடோரோ பின்னாலேயே போனான். மச்சானுக்குப் புத்தி பிசகிவிட்டது, இழுத்துவந்து ஒரு அறை விட்டால் சரியாகும் என்று நினைத்துப் போனவன் அவன். மரத்துக்குக் கொஞ்சம் முன்னாலேயே நின்றுவிட்டான். க்ரிஸ்பின் தரையில் உட்கார்ந்து ஊற்றிக்கொண்டிருந்தான். எதிரில் யாரும் இல்லை. குவளையை நீட்டுவான். அது அவன் கையை விட்டுப் போகும். ஸ்ர்ர்ர்ர்... திரும்ப வரும்.

வட்டத்தில் ஓர் இடத்தில் மட்டும் அவன் குவளையை ரொம்பத் தாழ்த்தி நீட்டினான்.

"அங்க யாரு மச்சான்?" என்று கேட்டான் தியோடோரோ. தன் குரல் தனக்கே கேட்கவில்லை என்றான் பிறகு.

"அந்தக் குல்லாப் பையன் பக்கத்துல" என்றான் க்ரிஸ்பின், திரும்பாமல். "மூணாவது கம்பெனிக்காரரு நகந்து எடம் குடுத்தாரு. குல்லாய அவ தலையில போட்டுருக்கான் பாரு. பெருசா இருக்கு, கண்ணை மறைக்குது."

எஸ்தெலாவுக்கு வழக்கம் தெரியும். நாலு வயசிலேயே பொம்மைகளை வட்டமாக உட்காரவைத்து வெறுங்குவளையில் ஊற்றி விளையாடியவள். ஒவ்வொரு பொம்மையின் சார்பிலும் அவளே நன்றி சொல்வாள். அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் க்ரிஸ்பின் தினமும் போகிறான். அவள் ஒருத்தி சொல்லிவிட்டால் போதும், மற்றவர்களை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்கிறான். குவளை அவளிடம் போகிறது... வருகிறது... அவன் காத்திருக்கிறான்.

தெர்மாஸ் இரண்டு லிட்டர்தான் பிடிக்கும்.